ஆலோசகராக இருந்த ஆசிரியர்: ஜார்ஜ் வர்கீஸின் வாழ்க்கைப் பணி



பத்திரிகைத் தொழிலின் தர்மத்தைப் பற்றிப் பேசவேண்டும் என்று நீங்கள் என்னைப் பணித்தபோது, கொள்கைகளை வரிசையாக எடுத்துரைத்துவிட்டு அமர்வதைக் காட்டிலும், இந்த டில்லி நகரத்திலேயே வாழ்ந்து, இந்த நகரத்திலேயே எழுதி, இந்த நகரத்தின் அதிகார பீடத்துக்குள்ளும் சில காலம் இருந்து வெளியே வந்த ஒரு மனிதரின் வாழ்க்கையை எடுத்துக்கொண்டு, அவர் எங்கே நிமிர்ந்து நின்றார், எங்கே தடுமாறினார் என்று நிதானமாகப் பார்ப்பதே பயனுடையது என்று எனக்குத் தோன்றியது. அவர் பி. ஜி. வர்கீஸ். 1966 முதல் மூன்றாண்டுக் காலம் பிரதமர் இந்திரா காந்தியின் செய்தி ஆலோசகராக இருந்தவர்; அந்தப் பதவியிலிருந்து நேராக வந்து ‘இந்துஸ்தான் டைம்ஸ்’ பத்திரிகையின் ஆசிரியராக அமர்ந்தவர்; அந்த ஆசனத்திலிருந்து, தாம் யாருக்கு ஆலோசனை சொன்னாரோ அவருடைய செயல்களையே கண்டித்து எழுதி, அதன் பலனாக வேலையை இழந்தவர்.

பத்திரிகாசிரியர் ஒருவர் சர்க்காரின் செய்தி ஆலோசகராகப் போவது தகுமா என்ற கேள்வி நம் நாட்டில் பலமுறை எழுந்திருக்கிறது. பெரும்பாலும் அதற்கு ஒரே வார்த்தையில் விடை சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறோம். போவதனாலேயே ஒருவர் கெட்டுப்போனார் என்று கொள்ள எனக்கு மனம் வரவில்லை. வெளியே இருக்கிற குடிமக்களின் முறையீட்டை உள்ளே கொண்டுபோய்ச் சேர்ப்பதற்கு ராஜாங்கத்தில் ஒரு வாசல் வேண்டும். அந்த வாசலில் நிற்கத் தகுந்தவன், ஊர் ஊராகத் திரிந்து ஜனங்களின் நிலையைக் கண்ணால் கண்ட பத்திரிகைக்காரனே. ஆனால், அங்கே நின்றவன் தன் சுயபுத்தியை உள்ளேயே அடகு வைத்துவிட்டு வந்தானா, முழுமையாக மீட்டுக்கொண்டு வந்தானா என்பது, அவன் வெளியே வந்து பேனாவை மறுபடியும் கையில் எடுக்கிறபோதுதான் தெரியும். வர்கீஸின் வாழ்க்கையை நான் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் அதுவே.

செய்தியையும் சர்க்காரையும் இணைக்கிற இந்த உத்தியோகம் நமக்குச் சுதந்திரத்தோடு வந்ததன்று. 1919இல் சிம்லாவில், உள்துறையின் கீழ் ஒரு சிறு பிரிவாக அது தொடங்கிற்று; அலகாபாத் சர்வகலாசாலையைச் சேர்ந்த ரஷ்புரூக் வில்லியம்ஸ் அதன் முதல் தலைவர்; பிரிட்டிஷ் பார்லிமெண்டுக்கு இந்தியாவைப் பற்றி ஆண்டறிக்கை தயாரிப்பது அவருடைய முக்கியப் பணி. 1941இல் ஜே. நடராஜன் அந்தப் பொறுப்புக்கு வந்த முதல் இந்தியர். 1946இல் அது பத்திரிகைத் தகவல் நிலையம் என்று பெயர் மாறியது. சுருக்கெழுத்தும் தட்டச்சும் கற்றுக்கொண்டு, கிராண்ட் டிரங்க் எக்ஸ்பிரஸில் ஏறி இந்த ஊருக்கு வந்து, கரோல்பாக்கில் அறை எடுத்துத் தங்கி, செக்ரடேரியட்டில் வேலை பார்த்த நம் முந்தைய தலைமுறைத் தமிழர்களில் எத்தனையோ பேர் சர்க்காரின் அறிக்கைகளைத் தட்டச்சில் அடித்துக் கொடுத்தவர்கள். ஓர் அறிக்கையில் ஒரு சொல் எப்படி நுழைகிறது, இன்னொரு சொல் எப்படி அடிக்கப்பட்டுப் போகிறது என்பதை அவர்கள் அறிந்த அளவுக்குப் பண்டிதர்களும் அறிந்திருக்க மாட்டார்கள்.

வர்கீஸ் 1927இல் பர்மாவின் மேமியோவில் பிறந்த மலையாளி. டேராடூனின் டூன் பள்ளி, டில்லி செயின்ட் ஸ்டீபன்ஸ் கல்லூரி, கேம்பிரிட்ஜின் டிரினிட்டி கல்லூரி ஆகியவற்றில் படித்துவிட்டு, 1949இல் ‘டைம்ஸ் ஆப் இந்தியா’வில் சேர்ந்தார். அவருடைய படிப்புக்கும் குடும்ப நிலைக்கும், அரசியல்வாதிகளின் வரவேற்பறைகளிலேயே காலத்தைக் கழித்துப் பெரிய பெயர் வாங்கியிருக்கலாம். ஆனால் அவர் அணைக்கட்டுகளையும், உருக்காலைகளையும், கால்வாய்கள் வெட்டப்படுகிற பொட்டல் வெளிகளையும் தேடிப் போனார். ஐந்தாண்டுத் திட்டம் என்ற சொல்லைக் கேட்டாலே கொட்டாவி விடுகிற வாசகனுக்கு, அந்தத் திட்டத்தினால் ஒரு ஜில்லாவில் தண்ணீர் எத்தனை தூரம் வந்திருக்கிறது, வரவேண்டிய இடத்துக்கு ஏன் வரவில்லை என்று எழுதிக் காட்டியவர் அவர். அந்தச் சுற்றுப்பயணக் கட்டுரைகளின் விளைவாக 1965இல் ‘டிசைன் பார் டுமாரோ’ என்ற நூல் வெளிவந்தது. மறு வருஷம் ஜனவரி 24ஆம் தேதி, தாஷ்கண்டில் காலமான லால் பகதூர் சாஸ்திரியின் இடத்துக்கு இந்திரா காந்தி பிரதமராக வந்தார். சாஸ்திரியின் மந்திரிசபையில் செய்தி ஒலிபரப்பு இலாகாவை வகித்திருந்த அவருக்குப் பத்திரிகைக்காரர்களைத் தெரியும். தமக்குச் செய்தி ஆலோசகராக அவர் அழைத்தது வர்கீஸை.

அந்த 1966ஆம் வருஷம் எப்படிப்பட்டது என்பதை மூத்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். மழை பொய்த்து, பீகாரில் பஞ்சம் தலைகாட்டி, அமெரிக்கக் கோதுமைக் கப்பல் எப்போது வரும் என்று தேசம் துறைமுகத்தைப் பார்த்துக்கொண்டிருந்த காலம், நம் சி. சுப்பிரமணியம் உணவு மந்திரியாக இருந்து புதிய கோதுமை விதைகளைக் கொண்டுவரப் போராடிக்கொண்டிருந்த காலம். அந்த ஜூன் 6ஆம் தேதி ரூபாயின் மதிப்பு குறைக்கப்பட்டது; ஒரு டாலருக்கு 4 ரூபாய் 76 காசு என்றிருந்தது 7 ரூபாய் 50 காசு ஆயிற்று. எதிர்க்கட்சிகள் சீறியதில் வியப்பில்லை. காங்கிரஸ் தலைவரான காமராஜரே அதை ஏற்கவில்லை. இத்தகைய வேளையில் பிரதமரின் செய்தி ஆலோசகராக இருப்பது என்றால் என்ன? காலையில் பத்திரிகைகளைப் படித்து, எங்கே எவ்வளவு கோபம் இருக்கிறது என்று பிரதமருக்குத் தெரிவிக்க வேண்டும். பகலில் நிருபர்களைச் சந்தித்து, முன்பு தம்மோடு ஒரே மேஜையில் இருந்து எழுதியவர்கள் கேட்கிற கேள்விகளுக்கு விடை சொல்ல வேண்டும். மாலையில் பிரதமரின் பேச்சுக்கு வாசகங்கள் எழுத வேண்டும். இவற்றில் முதல் வேலையே மிகக் கடினமானது என்று நான் கருதுகிறேன். கெட்ட செய்தியைக் கொண்டுவருகிறவனை விரும்புகிற ஆட்சியாளர் உலகத்தில் குறைவு. நல்ல செய்தியை மட்டும் கொண்டுவந்து மனத்தைக் குளிர்விக்கிற மனிதர்களுக்கோ எந்த ராஜதானியிலும் பஞ்சமில்லை.

1969இல் வர்கீஸ் அந்தப் பதவியை விட்டு ‘இந்துஸ்தான் டைம்ஸ்’ ஆசிரியரானார். பிர்லா குடும்பத்துக்குச் சொந்தமான பத்திரிகை. காந்தியடிகளின் புதல்வர் தேவதாஸ் காந்தி ஆசிரியராக இருந்த ஸ்தானம். பிரதமரின் அலுவலகத்திலிருந்து வந்தவர் பிரதமரின் பத்திரிகையாகவே அதை நடத்துவார் என்று எதிர்பார்த்தவர்கள் இருந்திருப்பார்கள். அவர் முதலில் செய்த காரியங்களுள் ஒன்று, டில்லியை ஒட்டிய ஹரியானாவில் சாத்தேரா என்கிற ஒரு கிராமத்தைப் பத்திரிகையின் சார்பில் தத்து எடுத்துக்கொண்டது. ‘நம் கிராமம் சாத்தேரா’ என்று பதினைந்து நாட்களுக்கு ஒரு முறை கட்டுரை வந்தது. தலைநகரத்துப் பெரிய பத்திரிகையில், பார்லிமெண்டின் கூச்சலுக்கும் ராஜதந்திரிகளின் விருந்துக்கும் ஒதுக்கப்பட்டிருந்த பக்கங்களில், பெயர்கூட யாருக்கும் தெரியாத ஓர் ஊரின் சமாசாரங்கள் அச்சேறின.

அது எளிதான காரியமாகத் தோன்றலாம். செய்து பார்த்தவர்களுக்குத் தெரியும். கிராமத்தைப் பற்றி ஒரு தடவை போய் எழுதுவது வேறு. அதே ஊருக்குத் திரும்பத் திரும்பப் போய், சென்ற மாதம் யாரிடம் பேசினோமோ அதே மனிதன் முன்னால் நின்று, நாம் எழுதியதனால் அவனுக்கு ஏதாவது நடந்ததா என்று கேட்டு, நடக்கவில்லை என்றால் அதையும் எழுதுவது வேறு. பட்டணத்து நிருபர்கள் வயலையும் கிணற்றையும், வங்கிக் கடனுக்கு மனுப்போட்டுக் காத்திருக்கிற குடியானவனையும், ஒரே ஊருக்குள் ஒரு ஜாதிக்குக் கிடைப்பது இன்னொரு ஜாதிக்குக் கிடைக்காமல் போவதையும், பருவத்துக்குப் பருவம் கூடவே இருந்து பார்த்தார்கள். சர்க்காரின் திட்டங்களை மேலேயிருந்து விளக்கிச் சொல்லும் பொறுப்பை மூன்றாண்டுகள் வகித்தவர், அதே திட்டங்கள் கீழே ஓர் ஊருக்கு வந்து சேருகிறபோது எந்த நிலையில் வந்து சேருகின்றன என்று பார்ப்பதற்கு நிருபர்களை அனுப்பினார் என்பதைக் கவனியுங்கள். பதவியில் கற்றதை அவர் பத்திரிகைக்கு மூலதனமாக்கிக்கொண்டார். பத்திரிகையைப் பதவிக்கு மூலதனமாக்கவில்லை. நம் தமிழ்ப் பத்திரிகைகளில் ஒன்றேனும் இப்படி ஒரு கிராமத்தை எடுத்துக்கொண்டு ஐந்தாண்டுகள் விடாமல் எழுதினால், அது நூறு தலையங்கங்களுக்குச் சமமான சேவையாகும் என்பது என் திடமான நம்பிக்கை.

1974இல் சிக்கிம் விவகாரம் வந்தது. இமயமலையில் இந்தியாவின் பாதுகாப்பில் இருந்த அந்தச் சிறிய ராஜ்யத்தை, அரசியலமைப்பைத் திருத்தி, நம்மோடு இணைந்த மாநிலமாக ஆக்கிற்று டில்லி. தேசபக்தியின் பெயரால் ஏறக்குறைய எல்லாப் பத்திரிகைகளும் கை தட்டின. ‘காஞ்சன்ஜங்கா, இதோ வருகிறோம்’ என்ற தலைப்பில் வர்கீஸ் எழுதிய தலையங்கம், பெரிய தேசம் சிறிய அண்டை நாட்டை விழுங்குவதை ஒப்புக்கொள்ள மறுத்தது. அந்த நாளில் அப்படி எழுதுவதற்கு வேண்டியிருந்த நெஞ்சுரத்தை இன்று நாம் முழுவதும் உணர முடியாது. பத்திரிகையின் முதலாளியான கே. கே. பிர்லா ஆட்சியோடு நெருக்கமானவர். ஆசிரியரை விலக்க நிர்வாகம் முற்பட்டபோது, பத்திரிகைக்காரர்கள் சிலர் பிரஸ் கவுன்சிலில் முறையிட்டார்கள். அங்கே விசாரணை நடக்க, டில்லி ஹைகோர்ட்டுக்கும் வழக்குப் போயிற்று. முதலாளிக்குப் பத்திரிகையின் கட்டடமும் யந்திரமும் சொந்தம் என்பதை யாரும் மறுக்கவில்லை. ஆசிரியரின் அபிப்பிராயமும் அவற்றோடு சேர்ந்து சொந்தமாகிவிடுமா என்பதே அங்கே வழக்காடப்பட்ட விஷயம்.

வழக்கு நடந்துகொண்டிருக்கையிலேயே 1975 ஜூன் 25ஆம் தேதி இரவு வந்தது. நள்ளிரவுக்குச் சற்று முன்னதாக ஜனாதிபதி பக்ருதீன் அலி அகமது நெருக்கடி நிலைப் பிரகடனத்தில் கையெழுத்திட்டார். டில்லியின் பத்திரிகை வீதியான பகதூர் ஷா ஜபர் மார்க்கில் மின்சாரம் நிறுத்தப்பட்டது. சுழன்றுகொண்டிருக்க வேண்டிய அச்சு யந்திரங்கள் நின்றன. விடியற்காலையில் கட்டுக் கட்டாகச் சைக்கிளில் போகவேண்டிய பத்திரிகைகள் அச்சாகவே இல்லை. ‘இந்துஸ்தான் டைம்ஸு’க்கும் ‘ஸ்டேட்ஸ்மனு’க்கும் மின்சாரம் புது டில்லி நகராட்சியிலிருந்து வந்தது, அந்த இணைப்பைத் துண்டிக்க வேண்டும் என்று ஆணையிட்டவர்களுக்குத் தோன்றவில்லை. ஆகவே மறுநாள் காலையில் தலைநகரத்தில் வெளிவந்த மிகச் சில பத்திரிகைகளுள் வர்கீஸின் பத்திரிகை ஒன்றாயிருந்தது. அதன் பிறகு தணிக்கை வந்தது. அச்சுக்குப் போகுமுன் பக்கங்கள் அதிகாரியின் மேஜைக்குப் போயின. அந்த ஆகஸ்டில், வளர்ச்சிப் பணிகளைப் பற்றிய அவருடைய எழுத்துக்காக மணிலாவிலிருந்து ராமன் மகசேசே விருது அறிவிக்கப்பட்டது. அடுத்த மாதம், அவரை விலக்கக் கூடாது என்றிருந்த ஹைகோர்ட்டின் தடை நீங்கியதும் அவர் வேலையை விட்டு நீக்கப்பட்டார். அவருடைய வழக்கில் முடிவு சொல்ல வேண்டிய பிரஸ் கவுன்சிலையே 1976 ஜனவரியோடு சர்க்கார் இல்லாமல் செய்துவிட்டது.

இந்த இடத்தில் இன்னொருவரைப் பற்றிச் சொல்லாமல் மேலே போவது நியாயமாகாது. வர்கீஸ் 1966இல் பிரதமரின் அலுவலகத்துக்குப் போனபோது, அவருக்கு அடுத்த நிலையில் உடன் பணிபுரிய வந்தவர் எச். ஒய். சாரதா பிரசாத். மைசூர்க்காரர், 1942இல் மாணவராக இருக்கையிலேயே ‘வெள்ளையனே வெளியேறு’ இயக்கத்தில் சிறை புகுந்தவர், ‘இந்தியன் எக்ஸ்பிரஸி’ல் பணியாற்றி, பின்னர் திட்டக் குழுவின் ‘யோஜனா’ பத்திரிகைக்கு ஆசிரியராக இருந்தவர். நம்மில் பலர் போட்டிப் பரீட்சைகளுக்காகப் படித்த ‘திட்டம்’ அந்தப் பத்திரிகையின் தமிழ்ப் பதிப்பே. வர்கீஸ் வெளியேறினார், சாரதா பிரசாத் தங்கினார். 1977 வரையிலும், மறுபடி 1980 முதல் இந்திரா காந்தியின் மரணம் வரையிலும், அதன் பிறகு ராஜீவ் காந்தியிடத்தில் 1988 வரையிலும் அவர் அந்தப் பணியில் இருந்தார். நெருக்கடி காலத்துத் தணிக்கையை நடத்தியது செய்தி ஒலிபரப்பு இலாகா; அவர் அல்லர். ஆயினும், சுதந்திரத்துக்காகச் சிறை சென்ற ஓர் இளைஞர், நடுவயதில், பத்திரிகைகளின் வாய் கட்டப்பட்டிருந்த பத்தொன்பது மாதங்களிலும் பிரதமரின் அலுவலகத்திலேயே அமர்ந்திருந்தார் என்பதை நினைக்கும்போது என் மனம் வேதனைப்படுகிறது. அவருடைய நேர்மையை அவருடைய எதிராளிகளும் சந்தேகித்ததில்லை. 1977 தேர்தலுக்குப் பின் வந்த ஜனதா கட்சி ஆட்சியிலும் அவர் இந்திய மக்கள் தொடர்பியல் கழகத்தின் இயக்குநராகவே இருந்தார். முதுமையில் தாம் வெளியிட்ட கட்டுரைத் தொகுதிக்கு, தாம் எழுதப் போவதில்லை என்று தீர்மானித்த புத்தகத்தையே தலைப்பாக வைத்தார். அதிகார பீடத்தின் அந்தரங்கங்களைச் சொல்லாமலே 2008இல் கண் மூடினார்.

அந்த மௌனம் ஒரு விரதம் என்று போற்றுவோர் உண்டு. அதற்கு மாறாக, 2004 முதல் 2008 வரை பிரதமர் டாக்டர் மன்மோகன் சிங்கின் ஊடக ஆலோசகராக இருந்த சஞ்சய பாரு, ‘பைனான்ஷியல் எக்ஸ்பிரஸ்’ ஆசிரியர் பதவியிலிருந்து அங்கே போனவர், தாம் கண்டதையெல்லாம் புத்தகமாக எழுதி 2014 பொதுத் தேர்தல் நடந்துகொண்டிருக்கையிலேயே வெளியிட்டார். அவருக்குப் பின் ‘தி இந்து’வின் ஹரீஷ் கரேயும், தொலைக்காட்சியிலிருந்து பங்கஜ் பச்சௌரியும் அந்த இடத்துக்கு வந்து போனார்கள், 2014க்குப் பிறகு பத்திரிகாசிரியர் ஒருவரை அழைத்து ஆலோசகராக வைத்துக்கொள்ளும் வழக்கம் பிரதமர் அலுவலகத்தில் தொடரவில்லை. வாசகனுக்கு உண்மையைச் சொல்லும் கடமை பெரிது. நம்பிக்கையோடு தம்மை உள்ளே அழைத்தவருக்குச் செய்ய வேண்டிய கடமையும் சிறிதன்று. வர்கீஸ் இந்த இரண்டுக்கும் இடம் கொடுத்தார் என்று நினைக்கிறேன். பதவியிலிருந்து வந்ததும் அவர் ரகசியங்களை எழுதவில்லை, தலையங்கங்களை எழுதினார். தம் நினைவுகளை 2010இல், சம்பந்தப்பட்டவர்களில் பெரும்பாலோர் சரித்திரத்துக்குள் போய்விட்ட பிறகே, ‘பர்ஸ்ட் டிராப்ட்’ என்ற பெரிய நூலாக வெளியிட்டார்.

இவ்வளவு மதிப்போடு பேசுகிற நான், அவருடைய வாழ்க்கையில் என்னால் ஏற்க முடியாத பகுதியையும் சொல்லியாக வேண்டும். 1991 பிப்ரவரியில் காஷ்மீரத்தின் குப்வாரா ஜில்லாவில் குனன், போஷ்போரா என்ற ஊர்களில் ராணுவத்தினர் பெண்களைப் பலாத்காரம் செய்ததாகப் புகார் எழுந்தது. அதையும் வேறு பல புகார்களையும் ஆராய, மறுபடி அமைக்கப்பட்டிருந்த பிரஸ் கவுன்சில் அனுப்பிய குழுவுக்கு வர்கீஸ் தலைமை வகித்தார். அந்தப் புகார் ஆதாரமற்ற கட்டுக்கதை என்று குழு முடிவு கூறியது. மனித உரிமை அமைப்புகள் அந்த விசாரணையின் முறையையும் முடிவையும் கடுமையாகக் குறை கூறின. அந்த ஊர்ப் பெண்கள் ஓய்ந்துவிடவில்லை. இருபத்திரண்டு ஆண்டுகள் கழிந்து 2013இல் குப்வாரா நீதிமன்றம் மேற்கொண்டு விசாரிக்கும்படி உத்தரவிட்டது. சாத்தேராவுக்குத் திரும்பத் திரும்பப் போகும்படி நிருபர்களுக்குக் கற்றுக் கொடுத்த ஆசிரியர், இந்த ஊர்களின் விஷயத்தில் இத்தனை சீக்கிரத்தில் இத்தனை நிச்சயமான முடிவுக்கு வந்திருக்கக் கூடாது. தேசத்தின் பாதுகாப்பு என்று வரும்போது, ராஜாங்கத்தின் கண்ணால் பார்க்கிற பழக்கம் அவரிடத்தில் தங்கியிருந்தது. கார்கில் யுத்தத்துக்குப் பின் 1999இல் அமைந்த பரிசீலனைக் குழுவில் அவர் உறுப்பினர். 2001இல் பாதுகாப்பு மந்திரிக்குச் சில காலம் செய்தி ஆலோசகராகவும் இருந்தார். அவரே 2002இல், குஜராத் கலவரங்களைப் பத்திரிகைகள் எழுதிய விதம் பற்றி ஆராய எடிட்டர்ஸ் கில்ட் அனுப்பிய மூவருள் ஒருவராகப் போய், அகதி முகாம்களில் இருந்தவர்களின் பக்கம் நின்று எழுதினார் என்பதையும் சேர்த்தே சொல்கிறேன். ஒன்று மற்றொன்றைக் கழுவிவிடாது.

மறுபடி பழைய காலத்துக்கே திரும்புகிறேன். ‘இந்துஸ்தான் டைம்ஸ்’ வேலை போன பிறகு, 1977 தேர்தலில் கேரளத்தின் மாவேலிக்கரைத் தொகுதியில் அவர் சுயேச்சையாக நின்று தோற்றார். வடக்கே காங்கிரஸுக்கு எதிரான அலை வீசிய அந்தத் தேர்தலில் கேரளம் மாறாகவே வாக்களித்தது. ஆட்சி மாறியதும் செய்தி மந்திரியாக வந்த அத்வானி, ஆகாசவாணிக்கும் தூர்தர்ஷனுக்கும் சுயாட்சி அளிப்பது எப்படி என்று ஆராய ஒரு குழுவை வர்கீஸின் தலைமையில் நியமித்தார். அவருடைய வாழ்க்கையின் பெரிய காரியம் இதுவென்றே நான் எண்ணுகிறேன். செய்தியை உள்ளேயிருந்து வெளியே அனுப்பியவர், தணிக்கையாளனின் மேஜைக்குத் தம் பக்கங்கள் போனதைக் கண்டவர், சர்க்காரின் கையிலிருந்து ரேடியோவை விடுவிப்பதற்கு வழி சொல்ல அமர்ந்தார். வழியின் இரண்டு முனைகளையும் அறிந்த வேறொருவர் அன்று நாட்டில் இருந்ததாகத் தெரியவில்லை. 1978 பிப்ரவரியில் அறிக்கை வந்தது. ‘ஆகாச பாரதி’ என்ற பெயரில் தேசிய ஒலிபரப்புப் பொறுப்பாண்மை ஒன்றை நிறுவ வேண்டும் என்றும், எந்த மந்திரியும் கை வைக்க முடியாதபடி அதற்கு அரசியலமைப்பிலேயே உறுதி வேண்டும் என்றும் அது கேட்டது. அந்த உறுதியை விட்டுவிட்டு, இலேசான வடிவத்தில் ஒரு மசோதாவை 1979இல் ஜனதா அரசு கொண்டுவந்தது. ஆட்சி கவிழ்ந்து லோக்சபையும் கலைந்தபோது மசோதாவும் போயிற்று. 1990இல் வி. பி. சிங்கின் ஆட்சியில் பிரசார் பாரதிச் சட்டம் நிறைவேறியது. அதை அமலுக்குக் கொண்டுவர ஏழு வருஷங்கள் பிடித்தன. 1997 நவம்பரில் பிரசார் பாரதி அமைந்தது. ஊழியர்களின் சம்பளத்துக்கு இன்றும் அது மந்திராலயத்தின் மானியத்தையே எதிர்பார்க்கிறது. வர்கீஸ் 2014 டிசம்பர் 30ஆம் தேதி காலமானார். அவருடைய குழு கேட்ட அரசியலமைப்பு உறுதியை அதற்கு முன்பும் பின்பும் எந்த ஆட்சியும் அளிக்கவில்லை.